போப்பாண்டவருக்கு ஒரு நரை கூட விழலையே!

கேள்வி: ஃபேரி டெயில்ங்கற ஜப்பானிய மங்கா காமிக்ஸ்ல வர்ற மந்திரக்காரி அல்டியரை, ஜெலால்ங்கற மந்திரவாதியை ஆட்டிவச்ச வில்லின்னு ஒரு கோஷ்டி திட்டுது, எல்லாரையும் காப்பாத்தின தியாகின்னு இன்னொரு கோஷ்டி கொண்டாடுது. காலத்தையே கையில வச்சிருந்தவ, ஒரு கில்டையே (மந்திரவாதிங்க சங்கம்) நடத்தினவ, கடைசியில ஒரே ஒரு நிமிஷம்தானே பின்னாடி திருப்பினா? அதுக்கு இவ்ளோ பில்டப் தேவையா?

பதில்: ஒரே ஒரு நிமிஷம்தானேன்னு எவ்ளோ ஈசியா கேட்டுட்டீங்க! இப்படி அலட்சியமா பேசுற ஆளுங்களுக்குன்னே ஒரு கதை வச்சிருக்கேன். 1582ல போப் பதிமூணாம் கிரிகோரி, அவரும் ஒரு பெரிய கில்டுக்கு தலைவர் மாதிரிதான், பழைய காலண்டர்ல வருஷத்துக்கு பதினோரு நிமிஷம் எகிறுதுன்னு கண்டுபிடிச்சவங்க சொன்னதைக் கேட்டு ஒரே உத்தரவு போட்டார். இத்தாலி, ஸ்பெயின் பக்கமெல்லாம் அக்டோபர் 4 ராத்திரி தூங்கப்போனவங்க காலையில எந்திரிச்சா 15ஆம் தேதி. பத்து நாள் அபேஸ்! இங்கிலாந்துக்காரங்க எவனோ போப் சொன்னா நாங்க ஏன் கேக்கணும்னு வீம்பு பிடிச்சுட்டு 1752 வரைக்கும் இழுத்தாங்க, அதுக்குள்ள பத்து நாள் பதினொண்ணா ஆயிடுச்சு. ரஷ்யாக்காரங்க 1918 வரைக்கும் அசையல, அதனாலதான் அக்டோபர் புரட்சிக்கு நவம்பர்ல விழா எடுக்க வேண்டியதா போச்சு. இவ்ளோ பெரிய வேலை பார்த்த போப்புக்கு ஒரு நரை கூட எக்ஸ்ட்ரா விழல (அப்பவே அவருக்கு எண்பது வயசு, விழறதுக்கு இடமும் இருந்திருக்காது). அல்டியர் அறுபது செகண்டை திருப்பினதுக்கு முழு இளமையையும் எழுதிக் கொடுத்துட்டு கிழவியா நிக்குறா. யாரு சார் ஏமாந்தது?

சரி, விஷயத்துக்கு வரேன். காலத்தைத் திருப்புற கதைன்னாலே எனக்கும் வாசகர்களுக்கும் ஒரு பழைய தகராறு இருக்கு. 1978ல வந்த சூப்பர்மேன் படத்துல ஹீரோயின் செத்ததும் ஹீரோ பூமியைச் சுத்தி சுத்திப் பறந்து காலத்தையே பின்னாடி ஓட்டி அவளைக் கூட்டிட்டு வந்துடுவாரு, அதுக்காக அவருக்கு ஒரு ஜலதோஷம் கூட வரல. இது போங்காட்டம்னு எழுதி நான் வாங்கின திட்டு கொஞ்சநஞ்சமில்ல, இன்னிக்கும் அதையேதான் சொல்வேன். செலவே இல்லாம சாவை அழிக்கலாம்னா அப்புறம் அந்தக் கதையில எதுக்கு பயம், எதுக்கு அழுகை?

ஃபேரி டெயிலை எழுதி வரைஞ்ச ஹிரோ மஷிமா அந்த விஷயத்துல கில்லாடி. அல்டியரோட காலத்தின் வளைவு மந்திரத்துக்கு ஆரம்பத்துலயே ஒரு வேலி போட்டுட்டாரு, பொருளுங்க மேலதான் பலிக்கும், மனுஷங்க மேல பலிக்காது. மந்திரவாதிங்களை ஆளுற மேஜிக் கவுன்சில்ல உறுப்பினரா வேஷம் போட்டு உக்காந்துட்டே அந்தக் கட்டடத்துக்கு வயசை ஏத்திவிட்டு இடிஞ்சு விழ வைப்பாளே, அது ஞாபகம் இருக்கா? அவ்ளோ பவர் இருந்தும் செத்துப்போன அம்மாவை ஒண்ணும் பண்ண முடியல. அம்மா பேரு ஊர் (நம்ம ஆளுங்க ஜோக் அடிச்சு முடிங்க, வெயிட் பண்றேன்). சின்ன வயசுல ஆராய்ச்சிக்கூடத்துல இருந்து தப்பிச்சு வீட்டுக்கு ஓடி வர்றா, அங்க அம்மா ரெண்டு சிஷ்யப் பசங்களோட சிரிச்சுட்டு இருக்கா, நம்மள மறந்துட்டாடான்னு அப்படியே திரும்பிப் போயிடுறா. மக செத்துட்டான்னு அம்மாகிட்ட பொய் சொல்லி வச்சிருந்தது அவளுக்குத் தெரியாது. பல வருஷம் கழிச்சு கிரேன்னு ஒரு மந்திரவாதிகூட சண்டை போட்டு கடல்ல விழும்போதுதான், ஐஸா மாறி உருகி கடல்ல கலந்த அம்மாவோட ஞாபகம் அவளுக்குள்ள வருது. அதுவரைக்கும் அவ செஞ்ச அத்தனை அநியாயமும் ஒரு தப்பான புரிதல் மேல கட்டினது.

அதுக்காக தியாகி கோஷ்டியில என்னைச் சேர்த்துடாதீங்க. ஜெலாலைப் பிடிச்சு சொர்க்க கோபுரத்துல அவ ஆடின ஆட்டத்துல ஜெலாலோட பழைய சிநேகிதன் சைமன் செத்தான், அவனை எந்த மந்திரமும் திருப்பிக் கொண்டுவரல. மேரடின்னு ஒரு சின்னப் பொண்ணோட ஊர்ல எல்லாரையும் அழிக்க உத்தரவு போட்டவளும் இவதான், அப்புறம் அதே மேரடியைத் தூக்கி வளர்த்தவளும் இவதான். பின்னாடி மேரடி, ஜெலாலோட சேர்ந்து க்ரைம் சோர்சியர்னு கில்டு ஆரம்பிச்சதே பாவத்தைக் கழுவத்தான். அங்கயும் குணம் சுலபமா போகல. எதிர்காலத்துல இருந்து வந்த ரோக்ங்கற மந்திரவாதி செய்யுற நாசத்தைத் தடுக்கணும்னு, ஒரு தப்பும் பண்ணாத இப்போதைய ரோக்கைக் கொல்லக் கிளம்பிடுறா பாருங்க! நம்ம இன்னும் மாறலன்னு அவளுக்கே உறைச்ச பிறகுதான் இளமையைக் கொடுத்து காலத்தைத் திருப்புற அந்தத் தடை செய்யப்பட்ட மந்திரத்துக்கு வர்றா.

உங்க ‘ஒரே ஒரு நிமிஷம்’ அங்கதான் வருது. ஏழு டிராகன் வந்து நகரத்தையே நாசம் பண்ணுது, அதுங்க வந்த மந்திர வாயில் திறக்கறதுக்கு முன்னாடி காலத்துக்கே போயிடலாம்னு நினைச்சுதான் மொத்தத்தையும் கொடுக்கிறா. திரும்பினது ஒரு நிமிஷம்! எல்லாம் வேஸ்ட்டுன்னு நினைச்சு உடைஞ்சே போயிடுறா. ஆனா நகரம் பூரா சண்டையில இருந்தவங்களுக்கு அடுத்த நிமிஷம் எங்க அடி விழப்போகுதுன்னு முன்கூட்டியே தெரிஞ்சுடுது. உடம்பெல்லாம் துளைபட்டு செத்த கிரே அதே இடத்துல ஒதுங்கிப் பிழைக்கிறான். அம்மா வளர்த்த அந்தப் பையன்தான் சார், சின்ன வயசுல இவ பொறாமைப்பட்ட அதே பையன்.

பில்டப் பத்தலைன்னுதான் நான் சொல்வேன். மன்னிக்கிற விஷயத்துல மேரடி மன்னிச்சுட்டா, சைமன்கிட்ட கேக்க வழியில்ல. சூப்பர்மேன் ரசிகர்கள் வழக்கம்போல கடுதாசி போடலாம், பிரிச்சுப் படிப்பேன், பதில் போட மாட்டேன்.