நிலவில் ஊறிய நீலக்கல்

ஐயா, வணக்கம்.

பிறந்தநாள் பரிசாக எனக்கு ஒரு கல் வந்தது. வெள்ளைப் படிகங்கள் படர்ந்த ஒரு பாறைத்துண்டு, அதன்மேல் சுண்டைக்காய் அளவில் மூன்று நீல உருண்டைகள். கூடவே ஓர் அட்டை. "கேவன்சைட். மிக அபூர்வம். பண்டைய ரிஷிகள் ஆக்ஞா சக்கரத்தைத் திறக்கப் பயன்படுத்தியது. பௌர்ணமி இரவில் உப்புநீரில் வைத்து உயிரூட்டவும்" என்று எழுதியிருந்தது. அப்படியே செய்தேன். காலையில் பார்த்தால் ஓர் உருண்டை கழன்று கிண்ணத்தின் அடியில் கிடக்கிறது. அது இருந்த இடத்தில் பாலாடை மாதிரி வெள்ளையாக ஏதோ படிந்திருக்கிறது. தண்ணீரின் நிறம் மாறவில்லை. நான் ஏமாந்துவிட்டேனா? விழுந்ததை ஒட்டலாமா? அந்த நீரைக் குடித்தால் நல்லது என்கிறார்களே, குடிக்கலாமா? நீலத்துக்குப் பதிலாக இதை மோதிரத்தில் பதிக்கலாம் என்றும் ஒருவர் சொன்னார். இந்தக் கல்லைப் பற்றி அறிவியல் என்ன சொல்கிறது, ஆன்மிகம் என்ன சொல்கிறது என்று விளக்க முடியுமா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

முதலில் அந்தக் கிண்ணத்து நீரைக் கொட்டிவிடுங்கள். கேவன்சைட்டின் எடையில் நூற்றுக்குப் பதினொரு பங்கு வனேடியம் என்ற உலோகம். அது கல்லுக்குள் இறுகக் கட்டுண்டுதான் இருக்கிறது, ஓர் இரவில் கரைந்து ஓடிவராது. ஆனால் உங்கள் கிண்ணத்தில் ஊறியது கல் மட்டுமல்ல. குவாரித் தூசி, படிகங்களின் நுண்சில்லுகள், விற்றவர் தடவிய பசை எல்லாம் அந்த நீரில் இருக்கின்றன. வனேடியச் சேர்மங்கள் உடலுக்கு ஆகாதவை. கல் ஊறிய நீரைக் குடிப்பது எந்தக் கல்லுக்குமே நல்ல வழக்கம் இல்லை, இதற்கு நிச்சயமாக இல்லை.

ஏமாந்தீர்களா என்றால், பாதி. நீர் நிறம் மாறாததால் பெரும்பாலும் சாயம் ஏற்றிய கல் அல்ல. வீட்டிலேயே வளர்த்த மயில்துத்தப் படிகமும் அல்ல, அதுவென்றால் கிண்ணம் முழுக்க நீலமாகியிருக்கும். வெள்ளைப் படலம்தான் இங்கே சாட்சி. தச்சுவேலைக்குப் பயன்படும் வெள்ளைப் பசை நீரில் ஊறினால் உப்பி வெளுத்து, பாலாடைபோலவே ஆகும். ஆகவே உருண்டை பெரும்பாலும் உண்மையானது, அது அமர்ந்திருந்த இடம்தான் பொய்.

ஏன் இப்படிச் செய்கிறார்கள் என்பது இந்தக் கனிமம் கிடைக்கும் விதத்திலேயே இருக்கிறது. உலகுக்கு நல்ல கேவன்சைட் வருவது புனேக்கு வடகிழக்கே வாகோலியில் உள்ள கல்குவாரிகளிலிருந்து. தக்காணப் பீடபூமியின் எரிமலைப் பாறை ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் குழம்பாக வழிந்து உறைந்தது. அதன் பொந்துகளிலும் விரிசல்களிலும் பிற்பாடு வெந்நீர்க் கரைசல்கள் ஊடுருவி ஸ்டில்பைட், ஹ்யூலண்டைட், அபோஃபிலைட், கால்சைட் போன்ற கனிமங்களைப் படியவைத்தன. உங்கள் துண்டில் உள்ள வெள்ளைப் படிகங்கள் பெரும்பாலும் ஸ்டில்பைட். சில இடங்களில் மட்டும் அந்தக் கரைசலில் வனேடியமும் இருந்தது, அங்கே நீலம் பிறந்தது. குவாரிக்காரர்கள் தேடுவதோ சாலைக்கும் கட்டடத்துக்கும் வேண்டிய ஜல்லியை. வெடிவைத்துத்தான் பாறையைப் பெயர்க்கிறார்கள். ஊசிமுனைகள் கூடிய ஓர் உருண்டை அந்த அதிர்ச்சியில் தன் இடத்திலேயே நிற்பது அதிர்ஷ்டம். கழன்ற உருண்டைகளைப் பொறுக்கி, அழகான வெற்று ஸ்டில்பைட் துண்டில் ஒட்டி விற்பது அதனால் வந்த தொழில்.

"மிக அபூர்வம்" என்ற சொல்லையும் கொஞ்சம் நிறுத்திப் பார்க்க வேண்டும். கிடைக்கும் இடங்களை எண்ணினால் அபூர்வம்தான். ஆனால் 1980களின் இறுதியிலிருந்து வாகோலியில் எடுக்கப்பட்ட துண்டுகள் உலகெங்கும் பரவிவிட்டதால், சந்தையில் அது அவ்வளவு அபூர்வம் இல்லை. ஒட்டாத, முனை முறியாத, தாய்ப்பாறையோடு கூடிய பெரிய உருண்டைதான் அபூர்வம். விலை பேச வேண்டியது அதற்குத்தான்.

உங்கள் மற்ற இரண்டு உருண்டைகளையும் சோதித்துவிடுங்கள். இரவு முழுக்க ஊறியும் விழவில்லை என்பதை வைத்து அவை இயற்கையாக வளர்ந்தவை என்று முடிவுகட்ட வேண்டாம். எபாக்சி போன்ற பசை நீரில் கரையாது. பத்து மடங்கு பெருக்கும் லென்ஸால் உருண்டையின் அடியைச் சுற்றிப் பாருங்கள். இயற்கையாக வளர்ந்ததென்றால் நீல இதழ்களுக்கிடையே ஸ்டில்பைட்டின் வெண்படிகங்கள் நுழைந்தும், நீலத்தின்மேல் ஏறியும் இருக்கும். இரண்டும் ஒன்றையொன்று கவ்விக்கொண்டிருக்கும். ஒட்டியதென்றால் அடியைச் சுற்றிப் பளபளப்பான விளிம்பு, அதில் சிக்கிய காற்றுக்குமிழி, சில சமயம் பசையை மறைக்கத் தூவிய கல்பொடி. இருட்டில் புறஊதா டார்ச் அடித்தால் பல பசைகள் வெளிர்நீலமாக ஒளிரும். இதில் ஓர் எச்சரிக்கை: கால்சைட்டும் ஒளிரக்கூடும். ஒளிர்கிறதா என்பதைவிட, எந்த வடிவத்தில் ஒளிர்கிறது என்பதே கேள்வி. உருண்டையின் அடியைச் சுற்றி மோதிரம்போல் ஒளிர்ந்தால் அது பசை.

உப்பு செய்த வேலை இன்னும் முடியவில்லை. ஸ்டில்பைட்டின் இடுக்குகளில் புகுந்த உப்பு, நீர் காயும்போது படிகமாகி விரியும். மெல்லிய இதழ்களை நெம்பிவிடும். அதனால் பாறைத்துண்டை அறை வெப்பநிலையில் உள்ள காய்ச்சி வடித்த நீரில் ஒரு மணிநேரம் வைத்து, நீரை மாற்றி, இப்படி மூன்று முறை செய்யுங்கள். இன்னோர் உருண்டை கழன்றால் கழலட்டும், பொய் ஒட்டு இப்போதே தெரிவது நல்லது. வெந்நீர் கூடாது. ஸ்டில்பைட் போன்ற சியோலைட் வகைக் கனிமங்களும் அபோஃபிலைட்டும் தம் அமைப்புக்குள்ளேயே நீரை வைத்திருப்பவை, திடீர்ச் சூட்டில் விரிசல் விடும். எலுமிச்சைச்சாறும் வினிகரும் கால்சைட்டை நுரைக்க நுரைக்கக் கரைத்துவிடும். நகைக்கடைகளில் வைத்திருக்கும் அதிர்வலைத் தொட்டியில் போட்டால் உருண்டை இதழ் இதழாக உதிரும். கழுவியதை நிழலில் ஒருநாள் முழுக்க உலரவிடுங்கள். ஹேர் டிரையர் வேண்டாம்.

ஒட்டுவதற்கு முன், கழன்ற உருண்டையின் அடியைப் பாருங்கள். அங்கே ஸ்டில்பைட் படிகங்களின் அச்சு பதிந்து, அது பாறையின் குழியோடு சாவியும் பூட்டும்போலப் பொருந்தினால், இதே பாறையில் பிறந்து உடைந்ததை விற்றவர் மீட்டு ஒட்டியிருக்கிறார். அது பழுதுபார்ப்பு, மோசடி அல்ல, சொல்லாமல் விற்றதுதான் பிழை. அடி தட்டையாகவோ, எந்தக் குழியிலும் பொருந்தாமலோ இருந்தால் அது வேறு பாறையின் பிள்ளை. அப்படியென்றால் ஒட்டாமல் ஒரு சிறு பெட்டியில் தனியாக வைத்துக்கொள்வதே நேர்மை என்பது என் கட்சி.

பொருந்துகிறது என்றால், ஊறி மெதுவான பழைய பசையைப் பல்குத்தும் குச்சியால் உரித்தெடுங்கள். சூப்பர் க்ளூ பக்கமே போகாதீர்கள். அதன் ஆவி பக்கத்துப் படிகங்களில் வெண்புகையாகப் படிந்து பளபளப்பைக் கெடுக்கும், திரும்ப எடுப்பதும் கடினம். அருங்காட்சியகப் பராமரிப்பாளர்கள் பயன்படுத்தும் பாரலாய்ட் பி-72 என்ற அக்ரிலிக் பிசின் நல்லது. அசிட்டோனில் கரைத்த பசையாகவே குழாயில் வருகிறது. நாளை மனம் மாறினால் அசிட்டோன் தொட்டே கழற்றிவிடலாம். குண்டூசித் தலையளவு போதும், உருண்டையில் வேண்டாம், பாறைக் குழியில் வையுங்கள். அதிகமானால் இதழ்களுக்கிடையே உறிஞ்சப்பட்டு நீலம் கருத்துவிடும். மணல் நிரப்பிய தட்டில் பாறையைப் புதைத்து, ஒட்டும் இடம் நேர் மேலே பார்க்கும்படி சாய்த்து நிறுத்தினால் உருண்டையின் எடையே அதை அழுத்திப் பிடிக்கும். இரண்டு நாள் தொடாதீர்கள்.

இனி நீங்கள் கேட்ட அறிவியல். பெயரில் ரகசியம் ஏதும் இல்லை. கால்சியம், வனேடியம், சிலிகேட் ஆகிய மூன்றின் ஆங்கிலப் பெயர்களின் முதல் அசைகளைக் கோத்தது. முதலில் கிடைத்தது அமெரிக்காவின் ஒரிகனில், ஓவைஹீ அணைக்கட்டுப் பக்கத்தில். ஸ்டேபிள்ஸ், எவன்ஸ், லிண்ட்சே ஆகிய மூவர் 1973இல் அதை முறைப்படி விவரித்தார்கள். அதே சேர்மானம், அணுக்கள் அடுக்கப்பட்ட முறை மட்டும் வேறு, என்று இரட்டைப்பிறவி ஒன்றையும் சேர்த்தே அறிவித்தார்கள். அதன் படிகங்கள் ஐந்து ஒன்றாகக் கூடி ஐங்கோண விண்மீன்போல் நிற்பதால் பென்டகோனைட் என்று பெயர். வாகோலியில் அதுவும் கிடைக்கிறது. உருண்டையாகத் திரளாமல் தனித்தனிக் கத்திமுனைகளாக நின்றால், அது பென்டகோனைட்டா என்று லென்ஸ் வைத்துப் பாருங்கள்.

கேவன்சைட்டில் சிலிக்காவின் அடுக்குகளை வனேடியமும் கால்சியமும் இணைக்கின்றன, நடுவே நீர் மூலக்கூறுகள். எடையில் ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு நீர்தான். நீலத்துக்குக் காரணம், நான்கு எலக்ட்ரான்களை இழந்த நிலையில் இருக்கும் வனேடியம். அதே வனேடியம் கரைசலில் ஐந்தை இழந்தால் மஞ்சள், மூன்றை இழந்தால் பச்சை, இரண்டை இழந்தால் ஊதா. உங்கள் கல் நீலமாக இருப்பது, அந்த வெந்நீர் கூடியும் குறையாமலும் ஒரு குறிப்பிட்ட அளவு ஆக்சிஜனேற்றத்தில் நின்றதற்கான பதிவு.

இதனால்தான் "நீலத்துக்குப் பதில்" என்பது செல்லாது. நவரத்தினத்து நீலம் அலுமினியம் ஆக்சைடு, அதன் நிறம் இரும்பும் டைட்டானியமும் தருவது. மோ அளவுகோலில் அதன் கடினம் 9. கேவன்சைட் 3 முதல் 4 வரை. ஒரு செப்புக்காசு அளவுக்கு மெது. விரலில் போட்டால் வாரத்துக்குள் கீறலும் உதிரலும்தான். சனிக்காக அணிபவர் தம் மரபின்படியே பார்த்தாலும் அந்த மரபு சொல்லும் கல் இது அல்ல. நிறம் ஒன்று என்பதால் கல் ஒன்றாகிவிடாது.

ரிஷிகள் விஷயத்துக்கு வருவோம். 1973இல் பெயர் பெற்ற கனிமத்தைப் பண்டைய நூல் எதுவும் பெயர் சொல்லிப் புகழ்ந்திருக்க வழியில்லை. பழமை வேண்டுபவருக்கு லாபிஸ் லாசுலி இருக்கிறது. ஆப்கானிஸ்தானத்து பதக்‌ஷான் மலைகளிலிருந்து மெசொப்பொத்தேமியாவுக்கும் எகிப்துக்கும் ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன்பே போனது அது, அதன் புனிதத்துக்குச் சான்று உண்டு. கேவன்சைட்டுக்குச் சொல்லப்படும் உள்ளுணர்வு, நெற்றிக்கண், முற்பிறவி நினைவு எல்லாம் மேற்கத்திய படிக சிகிச்சைக்காரர்கள் கடந்த சில பத்தாண்டுகளில் சேர்த்தவை. நீலம் என்பதால் ஆக்ஞை என்ற பொருத்தமும் அப்படித்தான். ஏழு சக்கரங்களுக்கு வானவில்லின் ஏழு நிறங்களை வரிசையாக ஒதுக்கியது இருபதாம் நூற்றாண்டு மேற்கின் வேலை. பூர்ணானந்தர் 16ஆம் நூற்றாண்டில் எழுதிய ஷட்சக்ர நிரூபணத்தில் ஆக்ஞை இரண்டு இதழ்கள் கொண்டது, நிலவைப்போல் வெண்மையானது. அந்த நூலை நம்பினால் உங்கள் கல்லில் ஆக்ஞைக்கு உரியது நீல உருண்டை அல்ல, அடியில் யாரும் கவனிக்காத வெள்ளை ஸ்டில்பைட்தான்!

ஒரு தெய்வம் உண்மையிலேயே இந்தக் கல்லில் ஒளிந்திருக்கிறது, அட்டை எழுதியவருக்குத் தெரிந்திருக்காது. 1830இல் சுவீடனின் செஃப்ஸ்ட்ரோம், தன் சேர்மங்களில் இத்தனை அழகிய நிறங்கள் காட்டிய தனிமத்துக்கு, வட ஐரோப்பியரின் பழைய அழகுத் தெய்வமான ஃப்ரெயாவின் மறுபெயர் வனாடிஸ் என்பதை வைத்து வனேடியம் என்று பெயரிட்டார். கேவன்சைட்டின் நடு அசையில் இருப்பவள் அவள்தான்.

தியானத்துக்கு எதிரே வைக்க விரும்பினால் தாராளமாக வையுங்கள், அதில் தவறில்லை. மூடிய அக்ரிலிக் பெட்டியில் வையுங்கள். ஊதுபத்தி, சாம்பிராணிப் புகை இதழ்களுக்குள் எண்ணெய்ப்பசையாகப் படிந்தால் எடுக்கவே முடியாது. மஞ்சள், குங்குமம் அதைவிட மோசம். தூசி படிந்தால் கேமரா லென்ஸுக்கு வைத்திருக்கும் ரப்பர் ஊதியால் ஊதுங்கள். போகாததை மென்மையான சிறு தூரிகையால், உருண்டையின் நடுவிலிருந்து வெளிப்புறமாக, இதழ் போகும் திசையிலேயே தள்ளுங்கள். குறுக்கே இழுத்தால் முனைகள் உடையும். பஞ்சு வேண்டாம், இழைகள் சிக்கிக்கொள்ளும். தூக்கும்போது எப்போதும் பாறையைப் பிடித்தே தூக்குங்கள்.

அந்த அட்டையைத் தூக்கிப்போட்டு வேறொன்று எழுதிவையுங்கள்: கேவன்சைட், ஸ்டில்பைட்டின் மேல். கிடைத்த இடம், விற்றவரிடம் கேட்டு உறுதியானால் மட்டும். ஒட்டியிருந்தால், ஓர் உருண்டை பி-72 கொண்டு மீண்டும் ஒட்டப்பட்டது என்பதும் ஒட்டிய தேதியும். மற்ற இரண்டின் அடியில் பசை தென்பட்டால் அதையும்.