கொலைகாரன் வாயில் ஞானோபதேசம்

கேள்வி: மகனுக்கு 19 வயது, தேசிய சேவையில் இருக்கிறான். போன வாரம் புக் அவுட்டில் (முகாமிலிருந்து விடுப்பில்) வந்தவன், 'செவன்' என்ற பழைய ஆங்கிலப் படத்தை ஹாலில் போட்டான். ஏழு பாவங்களைச் சொல்லிச் சொல்லி ஒருவன் கொலை செய்கிறான். என் மாமியார் ஒஃபிர் ரோடு லூர்து மாதா கோயிலுக்குத் தவறாமல் போகிறவர். பாதியில் டிவியை அணைத்துவிட்டார். அன்றிலிருந்து பாட்டியும் பேரனும் பேசுவதில்லை. இப்படிப்பட்ட படம் விசுவாசத்தைக் கெடுக்காதா?
– தெம்பனிஸ் வாசகி

பதில்: சகோதரி, அந்தப் படத்தைப் பெரியவர்கள் உட்காரும் ஹாலில் போட்டது பையனின் தப்பு. 1995இல் டேவிட் ஃபின்சர் எடுத்தது. ஓயாத மழை, அழுக்கு, கொலை நடந்து முடிந்த அறைகள். வயிற்றைப் புரட்டும். ஆனால் மதத்தைப் பழிக்கிறது என்று மாமியார் நினைத்தால், கொஞ்சம் அவசரப்பட்டுவிட்டார்.

அந்த ஏழு பாவங்களின் பட்டியல் பைபிளில் அப்படியே கிடையாது. 4ஆம் நூற்றாண்டில் எகிப்துப் பாலைவனத் துறவிகள், தங்கள் மனதைக் கெடுக்கும் எண்ணங்களை எட்டாக வகுத்தார்கள். 6ஆம் நூற்றாண்டில் போப் முதலாம் கிரகோரி அதை ஏழாக்கினார். பாவசங்கீர்த்தனத்துக்கு (குருவிடம் பாவங்களைச் சொல்லி மன்னிப்புக் கேட்பதற்கு) முன் 'என்னிடம் எது இருக்கிறது' என்று தன்னையே கேட்டுக்கொள்ளத்தான் அந்தக் கணக்கு. கொலைகாரனோ அதைத் தூக்கிக்கொண்டு ஊரான் வீட்டுக் கதவைத் தட்டுகிறான். பெருந்தீனிக்காரன் ஒருவனைச் சாகும்வரை தின்னவைக்கிறான். கடைசியில் (பையனிடம் சொல்லிவிடாதீர்கள்) தன் பாவம் பொறாமை என்கிறான். தீர்ப்பு நாற்காலியில் தானே ஏறி உட்கார்ந்த அகங்காரம் அவன் கண்ணில் படவே இல்லை.

எனக்குப் பிடித்தது மூத்த டிடெக்டிவ் சாமர்செட். ஆமாம், நம் சிங்கப்பூர் எம்ஆர்டி ரயில் நிலையத்தின் பெயரேதான். ராத்திரி நூலகத்தில் காவலாளிகள் சீட்டாட, இசைமேதை பாக்கின் இசை ஓட, அவர் இந்தப் பாவங்களைப் பாடிய இத்தாலியக் கவி டான்டேயைப் புரட்டிக்கொண்டிருப்பார். கொலைகாரன் படித்த அதே விஷயத்தைத்தான் அவரும் படிக்கிறார், அவசரமே இல்லாமல்.

சரி, வீட்டு விஷயம். உங்கள் மாமியார் அகங்காரம், உலோபித்தனம், மோகம், கோபம், போசனப்பிரியம், காய்மகாரம், சோம்பல் என்று மனப்பாடமாக ஒப்பித்த தலைமுறையாக இருப்பார். காய்மகாரம் என்றால் பொறாமை என்று பையனுக்குத் தெரிந்திருக்காது. முதலில் அவன் மன்னிப்புக் கேட்கட்டும், அப்புறம் அந்தச் சொல்லுக்கு அர்த்தம் கேட்கட்டும். தாழ்ச்சி, உதாரம், பொறுமை, மட்டசனம் (அளவாகச் சாப்பிடுவது) என்று அவற்றுக்கு எதிரான புண்ணியங்களும் உண்டு. படம் அந்தப் பக்கம் அதிகம் போகவில்லை. அதைப் பாட்டி சொல்லிக்கொடுப்பார்.

மீதிப் படத்தை அவன் தன் அறையில் ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு பார்க்கட்டும்.