‘தி எக்ஸிட் 8’ மாதிரி வித்தியாசம் கண்டுபிடிக்கும் குட்டித் திகில் கேம் எதையாவது முழுதாக முடித்திருக்கிறீர்களா? எப்படி?

முடித்தேன். ஆனால் பதினைந்து நிமிட கேமை மூன்று ராத்திரி இழுத்தடித்து முடித்தவள் நான். அதனால் ஜெயிப்பது எப்படி என்பதைவிடத் தோற்பது எப்படி என்பதுதான் எனக்கு விவரமாகத் தெரியும். இந்த கேமைப் பொறுத்தவரை அது உதவும் என்றே நினைக்கிறேன்.

நான் விளையாடியது கேள்வியில் இருக்கும் அதே ‘தி எக்ஸிட் 8’. கோட்டாகே கிரியேட் என்ற பெயரில் கேம் செய்யும் ஜப்பானியர் 2023 நவம்பரில் ஸ்டீம் என்ற இணைய கேம் கடையில் விட்டது. 2025-ல் இதைச் சினிமாவாகவே எடுத்துவிட்டார்கள். ஸ்டீம் பக்கத்தில் விளையாடும் நேரம் 15 முதல் 60 நிமிடம் என்று போட்டிருக்கும். லீவுக்கு வந்த அண்ணன் மகன் என் லேப்டாப்பில் போட்டுக் கொடுத்துவிட்டு, “உங்களுக்கு இது ஜுஜுபி அத்தை, நீங்க பார்க்கிற வேலையே இதுதானே” என்றான். என் வேலை பதிப்பகங்களுக்கு மெய்ப்புப் பார்ப்பது. பதினெட்டு வருடமாக ஒற்றுப்பிழையும் ல, ள, ழ குழப்பமும் தேடித்தேடிக் கண் பூத்துப்போனவள். எனக்கும் ஜுஜுபி என்றுதான் தோன்றியது.

தெரியாதவர்களுக்காக: ஜப்பானிய ரயில் நிலையத்துச் சுரங்கப்பாதை ஒன்றில் நீங்கள் மாட்டிக்கொண்டிருக்கிறீர்கள். வெள்ளை டைல்ஸ், குழல் விளக்கு, தரையில் பார்வையற்றோருக்கான மஞ்சள் பட்டை. ஒரு பக்கச் சுவரில் விளம்பரத் தட்டிகள், எதிர்ப்பக்கத்தில் மூன்று கதவுகள். எதிரே வெள்ளைச் சட்டை போட்ட, கையில் பை வைத்த நடுவயது ஆள் ஒருவர் உங்களைப் பார்க்காமலே நடந்து கடந்துபோவார். திருப்பத்தில் திரும்பினால் அதே பாதை, அதே ஆள். மறுபடி திரும்பினால் மறுபடியும் அதே. விதி இவ்வளவுதான்: ஏதாவது மாறியிருந்தால் உடனே வந்த வழியே திரும்பு, எதுவும் மாறவில்லை என்றால் திரும்பாமல் முன்னே போ. சரியாக முடிவெடுத்தால் பலகையில் எண் ஒன்று கூடும். தவறாக முடிவெடுத்தால் 0. எட்டாம் எண் வாசலை எட்டினால் வெளியே போகலாம். முதல் தடவை நடக்கும்போது எதுவும் மாறியிருக்காது. அதைத்தான் மனப்பாடம் செய்துகொள்ளவேண்டும்.

(இனிமேல் சில மாற்றங்களை வெளிப்படையாகச் சொல்லப்போகிறேன். விளையாடாதவர்கள் இங்கேயே நிறுத்திவிட்டு விளையாடிவிட்டு வரலாம்.)

வாரப் பத்திரிகைகளில் ‘ஆறு வித்தியாசங்கள்’ போட்டு வளர்ந்த ஆட்கள் நாம். அந்த நம்பிக்கையில்தான் நான் கவிழ்ந்தேன். அங்கே இரண்டு படமும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும், ஆறு என்று எண்ணிக்கையும் சொல்லிவிடுவார்கள். இங்கே முதல் படம் உங்கள் தலைக்குள் மட்டும்தான் இருக்கிறது. வித்தியாசம் ஒன்று இருக்கலாம், ஒன்றுமே இல்லாமலும் போகலாம்.

முதல் ராத்திரி எல்லாரும் தூங்கியபிறகு ஹாலில் விளக்கை அணைத்துவிட்டு உட்கார்ந்தேன். இரண்டாவது சுற்றிலேயே விளக்குகள் பட்டென்று அணைந்தன. ‘அய்யோ’ என்று மௌஸை விட்டுவிட்டேன். மாற்றம் என்று தெரியாமல் போகுமா, திரும்பினேன், எண் கூடியது. அடுத்த சுற்றில் தூரத்தில் இரண்டு ஆட்கள் ஒட்டிக்கொண்டு நின்றார்கள். அதுவும் சுலபம், திரும்பினேன். பயமுறுத்தும் மாற்றங்கள் எல்லாமே சுலபமானவை. பயம் ஓட, மண்டைக்கனம் ஏறியது.

அடுத்த பாதையில் ஒன்றுமில்லை என்று முன்னே போனேன். பலகையில் 0.

எதை விட்டேன் என்று அப்போது தெரியவில்லை. இந்த கேம் அதைச் சொல்லவும் சொல்லாது. மறுநாள் அதே மாற்றம் மறுபடி வந்தபோதுதான் பிடிபட்டது. ஒரு கதவின் கைப்பிடி ஓரத்தில் இல்லாமல் கதவின் நட்டநடுவில் இருந்தது. பூட்டு வைக்கிற இடமா அது? எந்தக் கதவிலாவது நடுவில் கைப்பிடி பார்த்திருக்கிறீர்களா? நான் அதைத் தாண்டி நடந்திருக்கிறேன். கதவைப் பார்த்தேன், கதவு இருந்தது, போய்விட்டேன். அச்சகத்தில் ஒரு பழைய அனுபவம் உண்டு: உள்ளே முந்நூறு பக்கத்தில் ஒரு புள்ளி விடாமல் பிடித்துவிட்டு, அட்டையில் கொட்டை எழுத்தில் இருந்த தலைப்பில் ஒரு எழுத்து விட்டுப்போனதை மூன்று பேர் பார்த்தும் கோட்டைவிட்டோம். பெரிய எழுத்தை யாரும் எழுத்துக்கூட்டிப் படிப்பதில்லை. இங்கேயும் அதே கதை. தலைக்கு மேலே தொங்கும் வாசல் பலகை தலைகீழாக இருந்ததை நான் இரண்டு தடவை தவறவிட்டேன்!

இது என் கண்ணின் கோளாறு மட்டும் இல்லை என்பதில் ஒரு ஆறுதல். 1998-ல் சைமன்ஸ், லெவின் என்ற இரண்டு உளவியலாளர்கள் செய்த சோதனை பிரபலமானது. ஒருவர் பல்கலைக்கழக வளாகத்தில் போகிறவரை நிறுத்தி வழி கேட்பார். பேச்சுக்கு நடுவே இரண்டு பேர் ஒரு கதவைத் தூக்கிக்கொண்டு குறுக்கே போவார்கள். அந்த மறைவில் வழி கேட்ட ஆளே மாறிவிடுவார். வேறு முகம், வேறு உடை. வழி சொன்னவர்களில் ஏறத்தாழ பாதிப் பேர் எதுவுமே நடக்காததுபோல வழி சொல்வதைத் தொடர்ந்தார்கள். கண் எல்லாவற்றையும் படம் பிடித்து வைப்பதில்லை, ‘ஓ, ஒரு ஆள்’ ‘ஓ, ஒரு கதவு’ என்று பெயர் மட்டும் எழுதிவைத்துக்கொள்கிறது. இந்த கேமைச் செய்தவருக்கு அது நன்றாகத் தெரிந்திருக்கிறது.

சரி, இரண்டாம் ராத்திரி. இந்தமுறை உஷார். அந்த உஷார்தான் என்னைக் கெடுத்தது. ஒரு தட்டியில் இருந்த எழுத்து முன்பு இப்படியா இருந்தது? எனக்கு ஜப்பானிய எழுத்து ஒன்றுகூடத் தெரியாது. படிக்கத் தெரியாததை எப்படி மெய்ப்புப் பார்ப்பது? டைல்ஸ் இடைவெளி கொஞ்சம் அதிகமோ? அந்த ஆள் கொஞ்சம் நெட்டையாகத் தெரிகிறாரோ? (ஒரு மாற்றத்தில் அவர் உண்மையிலேயே பெரிதாக வருவார். அது தெரிந்தபிறகு ஒவ்வொரு தடவையும் பெரிதாகத்தான் தெரிவார்.) சந்தேகம் வந்ததும் திரும்பினேன். 0. திரும்பினேன். 0.

கடுப்பில் ஒரு நோட்டை எடுத்து எழுத ஆரம்பித்தேன். முன்னே போய் 0 ஆனால் இருந்த மாற்றத்தை விட்டிருக்கிறேன், திரும்பி 0 ஆனால் இல்லாத மாற்றத்தைப் பார்த்திருக்கிறேன். அன்று ராத்திரி பதினொரு தோல்வி. அதில் நான்குதான் விட்டது, ஏழு கற்பனை. என் வேலையிலும் இப்படி ஒரு காலம் உண்டு. புதிதாகச் சேர்ந்தபோது சரியாக இருந்த சொல்லையெல்லாம் ‘திருத்தி’ ஆசிரியர்களிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது ஞாபகம் வந்தது.

இந்த கேமில் இரண்டு தவறுக்கும் ஒரே தண்டனை. ‘எதற்கும் திரும்பிவிடுவோம், பாதுகாப்பு’ என்ற வழியே கிடையாது. கணக்கும் கொஞ்சம் இரக்கமில்லாதது. எட்டு முறை தொடர்ந்து சரியாக முடிவெடுக்கவேண்டும். பத்துக்கு எட்டு முறை சரியாகச் சொல்கிற ஆள் ஒரே ஓட்டத்தில் வெளியேற வாய்ப்பு 17 சதவீதம்தான். பத்துக்கு ஒன்பது என்றால் 43. நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து சரியாகச் சொன்னால்தான் 66. ஆக, கொஞ்சம் கெட்டிக்காரத்தனம் கூடினாலும் பலன் பெரிதாகக் கூடும். அந்தக் கொஞ்சத்தை எங்கே தேடுவது என்பதுதான் பிரச்சினை.

எனக்கு வழி கிடைத்தது ஜப்பானிய ரயில்வேயிலிருந்தே. ரயில் நிலையத்து கேமுக்கு ரயில்காரர்களின் மருந்து, பொருத்தம்தானே. அங்கே ஓட்டுநர்களும் நடைமேடைப் பணியாளர்களும் சிக்னலை விரலால் சுட்டி, அது என்ன நிறம் என்று வாய்விட்டுச் சொல்வார்கள். ஆள் இல்லாத இடத்தில்கூடச் சொல்வார்கள். ஷிசா கன்கோ என்று பெயர். பார்க்கக் கொஞ்சம் வேடிக்கையாக இருக்கும். ஆனால் அங்குள்ள ரயில்வே தொழில்நுட்ப ஆய்வு நிறுவனம் 1994-ல் சோதித்தபோது, சும்மா செய்தவர்கள் நூறு செயலுக்கு 2.38 பிழை விட்டார்கள், சுட்டியும் சொல்லியும் செய்தவர்கள் 0.38. ஆறில் ஒரு பங்குக்கும் கீழே.

மூன்றாம் ராத்திரி முதலில் ஒன்றும் மாறாத பாதையில் நின்று நிதானமாக ஒரு வரிசை போட்டுக்கொண்டேன். மேலே: வாசல் பலகை, விளக்கு வரிசை, கேமரா. அப்புறம் கதவுப் பக்கம்: ஒவ்வொரு கதவுக்கும் கைப்பிடி, காற்றுப்போக்கியின் கம்பிவலை. அப்புறம் தட்டிப் பக்கம் ஒன்றொன்றாக, முகம் இருந்தால் கண். கடைசியில் தரை. ஒவ்வொரு சுற்றிலும் அதே வரிசை, மாற்றமே கூடாது. விரலைத் திரையில் வைத்து, “பலகை நேரா இருக்கு. விளக்கு சரி. கைப்பிடி ஓரம், ஓரம், ஓரம்” என்று முணுமுணுத்துக்கொண்டே நடந்தேன். ‘கதவு சரி’ என்று சொல்லக்கூடாது, ‘கைப்பிடி ஓரம்’ என்றுதான் சொல்லவேண்டும். என் பழைய ஓட்டையே அதுதானே. என் வீட்டுக்காரர் தண்ணீர் குடிக்க எழுந்துவந்து, இருட்டில் லேப்டாப்பைத் தொட்டுத்தொட்டு ஏதோ ஜபிக்கிற என்னைப் பார்த்துவிட்டு ஒன்றும் கேட்காமல் திரும்பிப் போனார். அவர் கணக்கில் அதுவும் ஒரு மாற்றம்தான்.

இந்த வரிசைக்குள் அந்த நடக்கும் ஆளை நான் சேர்க்கவில்லை. அவர்தான் இந்த கேமின் பெரிய தந்திரம். அசைகிற ஒரே பொருள் அவர் என்பதால் கண் தானாக அவரிடம் போய்விடும், அந்த நேரத்தில் பாதிச் சுவர் கடந்துவிடும். வந்ததும் ஒரு பார்வை: அளவு சரியா, நடை சரியா, முகம் சரியா. அவ்வளவுதான். அவர் போனபிறகு பாதை என்னுடையது.

இன்னொன்று, அவசரமே வேண்டாம். நேரக்கெடு கிடையாது. நின்று பார்த்தால்தான் தெரிகிற மாற்றங்கள் உண்டு. தட்டி மெல்ல மெல்லப் பெரிதாகும், தட்டியில் இருக்கும் கண்கள் உங்கள் கூடவே நகரும். ஓடிக்கொண்டே பார்த்தால் சிக்காது. அதேசமயம், வரிசையை முடித்து ஒன்றுமில்லை என்று சொல்லியாயிற்று என்றால், மறுபடி சரிபார்க்கக்கூடாது. இரண்டாவது பார்வையில்தான் என் ஏழு கற்பனைகளும் பிறந்தன. மனசுக்குள் குறுகுறுப்பு இருந்தாலும், விரல் வைத்து இதுதான் என்று காட்டமுடியாவிட்டால் முன்னே போய்விடுவேன்.

நிற்காமல் ஓடவேண்டிய தருணங்களும் சில உண்டு. சிவப்புத் தண்ணீர் வெள்ளமாக வரும், சுவர் டைல்ஸோடு டைல்ஸாக ஒரு ஆள் ஒளிந்திருந்து பாய்வான். அங்கே வரிசையெல்லாம் பார்க்கவேண்டாம், ஓடுங்கள்.

ஆறு, ஏழு என்று எண் ஏற ஏற முணுமுணுப்பு சத்தமானது. ஏழில் விளக்கு வரிசை மாறியிருந்தது. முதல் ராத்திரியாக இருந்தால் சத்தியமாகத் தவறவிட்டிருப்பேன். திரும்பினேன். 8. மேலே ஏறும் படிக்கட்டு தெரிந்தபோது, இதுவும் ஏதாவது மாற்றமோ என்று பத்து விநாடி நின்று யோசித்துவிட்டுத்தான் ஏறினேன்.

இதே வகையில் வேறு கேம்களும் உண்டு. 2018-ல் வந்த ‘ஐ’ம் ஆன் அப்சர்வேஷன் டியூட்டி’யில் கேமரா வழியாக அறைகளைக் கண்காணித்து, என்ன மாறியது என்று வகை சொல்லிப் புகார் அனுப்பவேண்டும். அதற்கும் இந்த வரிசை முறை ஓரளவு உதவும். ‘தி எக்ஸிட் 8’ செய்தவரின் 2024 கேமான ‘பிளாட்பார்ம் 8’ ரயில் பெட்டிகளுக்குள் நடப்பது. அதில் மாற்றத்தைக் கண்டுபிடிப்பதோடு முடியாது, அங்கே என்ன செய்வது என்றும் யோசிக்கவேண்டும். என் ருசிக்கு முதல் கேம்தான்.

முடித்த மறுநாள் காலை அண்ணன் மகனுக்குப் பெருமையாக போன் செய்தேன்.

“சிரிக்கிற ஆளைப் பாத்தீங்களா அத்தை?”

“எந்த ஆள்?”

“நடந்து வருவாரே, அவர்தான். பார்க்கலையா? அப்ப நீங்க இன்னும் முடிக்கலை” என்று வைத்துவிட்டான்.

நான்காம் ராத்திரி மறுபடி உட்கார்ந்தேன். இரண்டு சுற்று சுத்தமாகப் போனது. மூன்றாவதில் அவர் திருப்பத்தில் வந்தார், அளவு சரி, நடை சரி. கிட்டே வந்தபோது முகத்தைப் பார்த்தேன். காது வரைக்கும் பல்.

வரிசையாவது ஒன்றாவது, திரும்பி ஓடினேன். பலகையில் 3.