98 விழுக்காடு என்கிறார்கள், எங்களுக்கு மட்டும் ஏன் கிழிகிறது?

கோலாலம்பூர், செந்தூலிலிருந்து ஒரு வாசகர் எழுதியிருக்கிறார். இரண்டு பிள்ளைகள், மூன்றாவது இப்போதைக்கு வேண்டாம் என்று ஆணுறை பயன்படுத்துகிறார்கள். இரண்டு மாதத்தில் இரண்டு முறை கிழிந்துவிட்டது. கடைசியாகக் கிழிந்து ஒரு வாரமாகிறது. இணையத்தில் மொத்தமாக வாங்கி, பிள்ளைகள் கண்ணில் படாமல் மோட்டார்சைக்கிள் இருக்கைக்கு அடியில் வைத்திருக்கிறார். வறட்சிக்குத் தேங்காய் எண்ணெய். "98 விழுக்காடு பாதுகாப்பு என்பது பொய்யா? இரண்டாகப் போட்டுக்கொள்ளலாமா?" என்று கேட்கிறார்.

பொய் இல்லை ஐயா. நூறு தம்பதிகள் ஓர் ஆண்டு முழுக்க, ஒவ்வொரு முறையும் சரியாகப் பயன்படுத்தினால் இரண்டு பேர் கருத்தரிப்பார்கள். 98 என்பது அந்தக் கணக்கு. நடைமுறையில் சுமார் 13 பேர். பாதியில் அணிவது, "இன்னிக்கு ஒரு நாள்தானே" என்று விட்டுவிடுவது, எல்லாம் அந்த 13-இல் அடங்கும்.

உங்கள் வீட்டில் முதல் குற்றவாளி எண்ணெய். சாதாரண ஆணுறை லேட்டக்ஸ் எனப்படும் ரப்பர் பாலில் செய்தது. எண்ணெய் பட்ட சில நிமிடங்களிலேயே அது பலமிழந்துவிடும், கண்ணுக்குத் தெரியாது. தேங்காய் எண்ணெய், பேபி ஆயில், வாஸ்லின் எதுவும் கூடாது. தண்ணீர் அல்லது சிலிக்கோன் கலந்த வழுக்குப் பசை பார்மசியில் கிடைக்கும்.

இதற்கு ஒரு விலக்கு உண்டு. பலர் குழம்புவதால் விளக்கமாகச் சொல்கிறேன். பாலியூரித்தேனில் செய்த ஆணுறையை எண்ணெய் கெடுக்காது. ஆனால் பாலிஐசோப்ரீன் என்று இன்னொன்று விற்கிறது. ரப்பர் ஒவ்வாமை உள்ளவர்களுக்காக வந்தது, பெயரும் கிட்டத்தட்ட அதே மாதிரி. இதை எண்ணெய் கெடுத்துவிடும். ஆகவே 'லேட்டக்ஸ் இல்லாதது' என்று பெட்டியில் பார்த்தால் மட்டும் போதாது, பொருளின் முழுப் பெயரைப் படியுங்கள். படிக்க முடியவில்லையா, எண்ணெயைத் தொடாதீர்கள்.

அடுத்தது இருக்கைப் பெட்டி. கோலாலம்பூர் வெயிலில் நிறுத்திய வண்டிக்குள் ரப்பர் வெந்துவிடும். படுக்கையறை அலமாரியின் மேல்தட்டு போதும். இரண்டாகப் போடவே கூடாது. ஒன்றோடொன்று உரசும், கிழியும் வாய்ப்புதான் கூடும். பிரிக்கும்போது பாக்கெட்டை விரலால் அழுத்திப் பாருங்கள், உள்ளே காற்று மெத்தென்று தெரிய வேண்டும். பல்லால் கடிக்காமல் ஓரமாகக் கிழியுங்கள். நுனியைக் கிள்ளிக் காற்றை வெளியேற்றிவிட்டு உருட்டுங்கள். உருளவில்லை என்றால் தலைகீழ். அதைத் திருப்பிப் போடாமல் எறிந்துவிட்டுப் புதிது எடுங்கள்.

இனி அந்த மொத்த விற்பனை ஆசாமிகள். பெட்டி இல்லாமல், சரங்களாக வெட்டி, நெகிழிப் பையில் போட்டு அனுப்புகிறார்கள். அந்தச் சரக்கு எந்தக் கிடங்கில் எத்தனை மாதம் வெந்தது என்று யாருக்கும் தெரியாது. ஆணுறை மருத்துவச் சாதனம். 2012ஆம் ஆண்டுச் சட்டப்படி எம்.டி.ஏ. எனப்படும் மருத்துவச் சாதன ஆணையத்தில் பதிவு செய்துதான் விற்க வேண்டும். காலாவதித் தேதியும் பதிவு எண்ணும் தெரிகிற, பிரிக்காத பெட்டியாக வாங்குங்கள். சில ரிங்கிட் மிச்சம் பிடிக்கப்போய்க் குடும்பக் கணக்கே மாறிவிடும்.

உலகிலேயே அதிக ஆணுறை தயாரிக்கும் நிறுவனம் மலேசிய நிறுவனம். ஆனாலும் அதை எப்படி அணிவது என்று இந்த நாட்டில் ஒருவரும் சொல்லித்தருவதில்லை. பள்ளியில் பாடத்தைத் தாண்டிப் போகிறார்கள், கிளினிக்கில் ஒரு துண்டுத்தாளை நீட்டுகிறார்கள். தமிழில் கேட்டால் அந்தத் தாளும் கிடைப்பதில்லை. எனக்கு இது ஆறாத கோபம்.

சரி, போன வாரக் கிழிசலுக்கு வருவோம். அவசரக் கருத்தடை மாத்திரையைப் பார்மசியிலேயே கேட்டு வாங்கலாம், ஆனால் 72 மணி நேரத்துக்குள், எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது. அந்த நேரம் உங்களுக்குக் கடந்துவிட்டது. கிழிந்த நாளிலிருந்து மூன்று வாரம் கழித்துச் சிறுநீர்ச் சோதனை செய்து பாருங்கள். மாதவிடாய் அதற்கு முன்பே தள்ளிப்போனால் அன்றே செய்யுங்கள். இரண்டு கோடு வந்தால் இருவரும் சேர்ந்து மருத்துவரிடம் போங்கள். "மாதவிடாயை வரவழைக்கும்" என்று வாட்சாப்பில் மாத்திரை விற்பவனிடம் ஒரு காசும் கொடுக்காதீர்கள். அதனால் ரத்தப்போக்கு நிற்காமல் அவசரப் பிரிவுக்கு வரும் பெண்கள் உண்டு. சோதனையில் ஒன்றும் இல்லை என்றால், கருப்பைக்குள் பொருத்தும் காப்பர்-டி அல்லது கருத்தடை ஊசி பற்றி உங்கள் மனைவி கிளினிக் தாதியிடம் கேட்கட்டும். நீங்களும் கூடப் போங்கள்.