உடை எழுதிய திரைக்கதை – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

செக்கோஸ்லோவாக்கியப் படமான 'டெய்ஸிஸ்' படத்தை அண்மையில் பார்த்தேன். ஆடை வடிவமைப்பாளரான எஸ்தர் க்ரும்பஹோவாவின் பெயர் திரைக்கதையிலும் வருகிறது. இயக்குநர் யான் நெமெத்ஸின் மனைவி என்பதால் கிடைத்த இடம் அது என்கிறார் நண்பர். அப்படித்தானா?

வாசகர், கோவை

அன்புள்ள வாசகருக்கு,

'டெய்ஸிஸ்' (1966) நெமெத்ஸின் படமே அல்ல. வேரா ஹிட்டிலோவா இயக்கியது. நெமெத்ஸ் இயக்கிய 'விருந்தும் விருந்தாளிகளும்' படத்துக்கோ மூலக்கதையே க்ரும்பஹோவாவுடையது. எனவே யார் தயவில் யார் இருந்தார் என்ற பேச்சுக்கு இங்கே இடமில்லை.

1923இல் ப்ர்னோ நகரில் பிறந்த அவர், நாடக மேடைக்குப் பணியாற்றிய பிறகே செக் சினிமாவுக்கு வந்தார். ஒரு பாத்திரம் எதை உடுத்தும் என்று தீர்மானிக்க, அது யார் என்பது முதலில் தெரிந்தாக வேண்டும். அந்தக் கேள்வியை விடாமல் கேட்டவர் எழுத்துக்குள் நுழைந்தது இயல்பான நகர்வு என்றே எனக்குத் தோன்றுகிறது.

அவர் உடை வடிவமைத்த, நெமெத்ஸின் 'இரவின் வைரங்கள்' (1964) படத்தின் தொடக்கத்தில், ரயிலிலிருந்து தப்பி ஓடும் இரு இளைஞர்கள், முதுகில் 'கே.எல்.' (வதைமுகாமைக் குறிக்கும் ஜெர்மன் சொல்லின் சுருக்கம்) என்று எழுதப்பட்ட மேலங்கிகளைக் கழற்றி வீசுகிறார்கள். வதைமுகாம் என்று யாரும் வாய்திறந்து சொல்வதில்லை. அந்த அங்கி சொல்லிவிடுகிறது. ஸ்பினெக் பிரினிக்கின் 'ஐந்தாவது குதிரைவீரன் அச்சம்' படத்தில் அவர் இன்னும் துணிந்தார். கதை நாஜி ஆக்கிரமிப்புக்கால பிராகில் நடந்தாலும், மனிதர்கள் அறுபதுகளின் உடையில்தான் நடமாடுகிறார்கள். ஆகவே அன்றைய செக் பார்வையாளர் அதைப் பழங்கதை என்று ஒதுக்கிவிட முடியாது.

'டெய்ஸிஸ்' படத்தின் இறுதியில், தாங்களே நாசமாக்கிய விருந்து மேசையை ஒழுங்குசெய்யத் திரும்பும் இரு பெண்களும், செய்தித்தாள்களை உடம்பில் சுற்றிக் கயிற்றால் கட்டிக்கொண்டு, இனி நல்லவர்களாக இருப்போம் என்று கிசுகிசுத்தபடி உடைந்த தட்டுகளைச் சேர்த்து அடுக்குகிறார்கள். செய்தித்தாள் முழுவதும் அரசின் பிடியில் இருந்த நாட்டில், திருந்தியவர்களுக்கு அதையே சீருடையாக்கியதை நான் அலங்காரமாகப் பார்க்கவில்லை. வசனமாகவே வாசிக்கிறேன். உணவை வீணடித்ததாக 1967இல் அந்நாட்டு நாடாளுமன்றத்தில் ஓர் உறுப்பினர் இப்படத்தின் மீது பாய்ந்தார். உடையை அவர் கவனித்ததாகத் தெரியவில்லை!

1968இல் சோவியத் படைகள் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் புகுந்த பிறகு நிலைமை மாறியது. 1970இல் க்ரும்பஹோவா ஒரே ஒரு முழுநீளப் படத்தை இயக்கினார். பிறகு நீண்ட காலம் ஓரங்கட்டப்பட்டார். 1983இல் ஹிட்டிலோவாவின் படமொன்றுக்கு மீண்டும் திரைக்கதையில் பங்களித்தார். 1996இல் பிராகில் காலமானார்.

அடுத்து பிரினிக்கின் படத்தைப் பாருங்கள்.