கடலுக்கடியில் கரண்ட்: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: தூரம் கூடினால் கடலடிக் கேபிளில் ஏசி (திசை மாறி மாறி ஓடும் மின்) போகாது, அதனால்தான் டிசி (ஒரே திசையில் ஓடும் மின்) என்று படித்தோம். தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையில் 30 கிலோமீற்றர் அளவுதானே? இந்தியாவோடு பேசப்படும் இணைப்புக்கு ஏன் டிசி? – விடத்தல்தீவு வாசகர்

பதில்: பிடிக்க வேண்டிய இடத்தில் பிடித்திருக்கிறீர்கள். கேபிளின் நடுவில் செப்புக் கடத்தி, சுற்றிக் காவலி, அதன்மேல் நிலத்தோடு தொடுத்த ஈய உறை. மின்னைத் தேக்கிவைக்கும் நீளமான கொள்ளளவி ஒன்றைக் கடலில் போட்ட மாதிரி. ஏசி ஒவ்வொரு சுற்றிலும் அதை ஏற்றி இறக்க வேண்டும். கிலோமீற்றருக்கு 0.2 மைக்ரோபரட் தேக்கும் திறன் உள்ள 220 கிலோவோல்ற் கேபிளில் இதற்கு மட்டும் கிலோமீற்றருக்கு 8 அம்பியர் வரை போகும். 100 கிலோமீற்றரில் அது 800 அம்பியர். பாவனையாளருக்கு அனுப்ப மிச்சம் இராது. 1954இல் சுவீடனின் கொட்லாந்து தீவுக்கு 100 கிலோவோல்ற் டிசி போட்டதற்கு இதுதான் காரணம்.

ஆனால் 30 கிலோமீற்றருக்கு 240 அம்பியர்தான். சமாளிக்கலாம். இங்கே டிசி கேட்பது கடல் அல்ல, இரண்டு மின்வலையமைப்புகளும். ஏசியில் தொடுத்தால் இரு நாட்டு மின்பிறப்பாக்கிகளும் ஒரே தாளத்தில் சுழல வேண்டும். இலங்கையின் உச்சத் தேவை 3,000 மெகாவோற்று அளவுதான். இந்தியாவினது 2024இல் 2,50,000ஐத் தொட்டது. இங்கே ஒரு பெரிய மின்நிலையம் விழுந்தால் குறையை நிரப்ப அங்கிருந்து மின் பாய்ந்து வரும், இணைப்பு தாங்காமல் துண்டிக்கும், பிறகு இரட்டை அடி. (2025 பெப்ரவரியில் பாணந்துறைத் துணைமின்நிலையத்தில் புகுந்த குரங்கு நாட்டையே இருட்டாக்கியது மறந்திருக்காது.) டிசியில் கட்டுப்பாட்டறை குறித்த அளவுதான் போகும், மீடிறன் (செக்கனுக்கு எத்தனை சுற்று என்பது) ஆட்டம் தானாகக் கடல் தாண்டாது. 2025 ஏப்ரலில் கொழும்பில் கைச்சாத்தான புரிந்துணர்வு உடன்படிக்கையும் உயர் அழுத்த டிசி இணைப்புக்குத்தான்.

கேள்வி: இழுவைமடிப் படகுகள் ஓடும் கடலில் கேபிள் தப்புமா? அறுந்தால் எப்படிக் கண்டுபிடிப்பார்கள்? – முல்லைத்தீவு வாசகர்

பதில்: கடலடிக் கேபிளுக்கு முதல் எதிரி நங்கூரமும் இழுவைமடியும்தான். வெளியே உருக்குக் கம்பிக் கவசம் சுற்றியிருந்தாலும் கப்பல் நங்கூரத்துக்கு அது போதாது. ஆகவே நீர்த்தாரையால் மணலைக் கிளறி 1 முதல் 3 மீற்றர் வரை புதைப்பார்கள். பாறை வந்தால் மேலே கல் கொட்டுவார்கள், அல்லது கொங்கிறீற் பாய் விரிப்பார்கள். பாக்கு நீரிணை பெரும்பாலும் 15 மீற்றருக்குள் என்பதால் பெரிய கேபிள் கப்பல் கரைக்குக் கிட்ட வராது. தட்டையடி பார்ஜ்தான் வேண்டும். நீரோட்டம் மணலை அள்ளிப் புதைத்த கேபிளை வெளியே காட்டிவிடும், அதனால் போட்ட பிறகும் அளந்துகொண்டே இருக்க வேண்டும்.

அறுந்தால் கரையிலிருந்து ஒரு மின் துடிப்பை அனுப்பி, அது எதிரொலித்து வரும் நேரத்தை அளப்பார்கள். துடிப்பு மைக்ரோசெக்கனுக்கு 170 மீற்றர் போகிறது என்று வையுங்கள். 200 மைக்ரோசெக்கனில் திரும்பினால் போக வர 34 கிலோமீற்றர், பழுது 17இல். பிறகுதான் உண்மையான வேலை. தண்ணீர் உள்ளே ஊறிய நீளம் முழுவதையும் வெட்டி எறிய வேண்டும். புதைத்த கேபிளில் தளர்வு இல்லாததால் முனைகளை நேரே சேர்க்க முடியாது. நடுவே புதுத்துண்டு வைத்தாக வேண்டும். ஆகவே ஓரிடத்தில் அறுந்தாலும் மூட்டு இரண்டு. ஒவ்வொன்றையும் ஈரமும் தூசும் புகாத கூடாரத்துக்குள் நாட்கணக்கில் செய்வார்கள். உதிரிக் கேபிளை முன்கூட்டியே வாங்கி வைக்காவிட்டால் தொழிற்சாலை ஓடருக்கே மாதங்கள் போகும். அவுஸ்திரேலியாவின் பாஸ்லிங்க் கடலடி மின்கேபிள் 2015 டிசம்பரில் பழுதாகி 2016 ஜூனில்தான் மீண்டது.

கேள்வி: அதன்மேல் வலை போட்டால் கரண்ட் அடிக்குமா? – பூநகரி வாசகர்

பதில்: அடிக்காது. உறை நிலத்தோடு தொடுத்தது. தனிக் கேபிள் ஒன்றில் 1,000 அம்பியர் டிசி ஓடினால் ஒரு மீற்றரில் பூமியின் காந்தப்புலத்தைப் போல 5 மடங்கு வரும், திசைகாட்டி ஆடும். போகவும் வரவும் இரண்டையும் ஒட்டிப் போட்டால் அதில் பெரும்பங்கு ஒன்றையொன்று அழித்துவிடும். நங்கூரம் கேபிளில் மாட்டினால் வலித்து எடுக்கப் பார்க்காதீர்கள். கயிற்றை வெட்டி மிதவை கட்டி, ஜிபிஎஸ் இடத்தைக் குறித்துக் கடற்றொழில் திணைக்களத்துக்குச் சொல்லுங்கள்.