மாடி ஏறினால் நேற்று: கைக்கடிகாரம் என்ன காட்டும்?

உங்கள் கதையில் மாடி ஏறினால் நேற்றைய நாளுக்குப் போய்விடும் ஒரு வீடு வருகிறது. நாயகன் படியேறி நேற்றைய மாடிக்குப் போனாலும் அவன் கைக்கடிகாரம் முன்னோக்கித்தான் ஓட வேண்டும். ஏறிய மூன்று நிமிடம் அவனுக்கு மூன்று நிமிடம்தான். 1949இல் கணித அறிஞர் குர்ட் கோடல், ஈர்ப்பை விளக்கும் ஐன்ஸ்டைன் சமன்பாடுகளுக்குக் கண்ட தீர்விலும் அப்படித்தான்: பயணி தன் கடந்த காலத்தையே தொடலாம், அவன் கடிகாரம் ஒரு நொடிகூடப் பின்வாங்காது.

வீட்டின் நேரத்தையும் அவன் நேரத்தையும் ஒரே கணக்கில் எழுதியிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். காட்சிவாரியாக ஓர் அட்டவணையில் இரண்டு நெடுவரிசை போடுங்கள்: சுவர்க் கடிகாரம், கைக்கடிகாரம். எங்கே இடிக்கிறது என்று தெரிந்துவிடும்.

அப்புறம் கதையில் நாயகன் கண்டெடுக்கும் அந்தச் சாவி. இன்று கண்டெடுத்ததை நேற்றைய தனக்கே வைத்துவிட்டு வருகிறான் என்றால், முதலில் அந்தச் சாவியை உருவாக்கியது யார்? சுற்றுக்குச் சுற்று தேயவும் செய்யுமே! அதற்கு மட்டும் வேறு வழி பாருங்கள்.